திமிங்கிலப் படங்களுக்குப் பேசிய அக்கா

திமிங்கிலப் படங்களுக்குத் தமிழில் விளக்கவுரை எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. வேறு படங்களுக்கும் எழுதத் தயாராகத்தான் இருந்தேன். என் நேரம், திமிங்கிலம் வந்து தலையில் விழுந்தது. மனிதருக்கும் திமிங்கிலத்துக்கும் நடுவே என்னவெல்லாம் நடந்தது என்று யார் யாரோ எங்கெங்கோ எடுத்த படங்களைச் சென்னையில் ஒரு நிறுவனம் மொத்தமாக வாங்கி வைத்திருக்கிறது. கரை ஒதுங்கிய திமிங்கிலம், வலையில் சிக்கிய திமிங்கிலம், தொட்டியில் அடைத்து வித்தை காட்டவைத்த திமிங்கிலம், ஒரு படகுக்காரரைத் தேடித் தினமும் வந்த திமிங்கிலம். கடலைப் பார்த்து ஆறு வருடமான நான் கொடைக்கானலில் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு உட்கார்ந்து இதற்கெல்லாம் எழுதுகிறேன். அலுத்துவிட்டது. அந்த வால் மெதுவாகத் தண்ணீருக்குள் இறங்கும் காட்சி வந்தாலே எனக்குக் கொட்டாவி வருகிறது.

இப்போதெல்லாம் நான் எழுதுவதைக் கம்ப்யூட்டர் குரல் வாசிக்கிறது. "தாயின் இதயம் நொறுங்கியது" என்று எழுதினால் சரியான இடத்தில் தழுதழுக்கும். எதிர்த்து ஒரு வார்த்தை பேசாது. அது தழுதழுக்கும்போதெல்லாம் எனக்குப் பூண்டி அக்காவின் ஞாபகம் வருகிறது. அக்கா அந்த வரியை வாசித்திருக்கவே மாட்டார். தாளைக் கீழே வைத்துவிட்டு, "நொறுங்குனத யாரு பாத்தா?" என்று கேட்டிருப்பார்.

அக்காவின் குரலை முதலில் கேட்டது, கொடைக்கானலிலிருந்து பஸ்ஸில் போகிற பூண்டி என்ற மலைக்கிராமத்துத் திருவிழாவில். கூட்டத்தில் நின்று டீ குடித்துக்கொண்டிருந்தேன். ஒலிபெருக்கியில் ஒரு பெண்குரல் வந்தது.

"ஒரு பெண் குழந்தை மைக் பக்கத்தில் நிற்கிறது. வயது ஐந்து இருக்கலாம். பச்சை ஸ்வெட்டர். இடது காலில் மட்டும் செருப்பு. கையில் பாதி கடித்த முறுக்கு. பெயர் கேட்டோம், சொல்லவில்லை. உரியவர்கள் வந்து கூட்டிச் செல்லவும்."

ஐந்து நிமிடம் கழித்து மறுபடியும் அதே குரல். "பச்சை ஸ்வெட்டர் குழந்தை பற்றி ஒரு திருத்தம். முறுக்கு தீர்ந்துவிட்டது."

நான் சிரித்ததில் டீ சட்டையில் கொட்டியது. ஆனால் யாரும் சிரிக்கவில்லை. அந்த ஊருக்கு அது பழகிப்போயிருந்தது. ஆளைத் தேடிப் போனேன். ஐம்பது வயதுக்கு மேலிருக்கும், சேலைக்கு மேல் ஆண்கள் போடும் மஃப்ளர், கேரட் கழுவிக் கழுவி வெளுத்த விரல்கள். பழனியில் பிறந்து, பூண்டியில் பூண்டும் கேரட்டும் போடுகிற வீட்டுக்கு வாக்கப்பட்டு வந்தவர். கல்யாணத்துக்கு முன்னும், பிறகு பல வருடங்களும், தைப்பூசத்துக்கு அடிவாரத்தில் வியாபாரிகள் சேர்ந்து போடுகிற மைக் பந்தலில் காணாமல் போனவர்களைப் பற்றி அறிவிப்பது அவர் வேலை.

அந்தச் சமயம் எங்கள் படங்களுக்கு வாசித்துக்கொண்டிருந்தவர் வேலையை விட்டுப் போயிருந்தார். நான் கேட்டதும் அக்கா, "திமிங்கிலத்த நான் பாத்ததில்லயே தம்பி" என்றார். "நானும்தான் பார்த்ததில்லை" என்றேன். "பாக்காமயா இம்புட்டு எழுதிருக்கீங்க?" என்று என்னை ஏற இறங்கப் பார்த்தார். அப்போதே உஷாராகியிருக்க வேண்டும்.

கொடைக்கானலில் வைத்து ஒலிப்பதிவு செய்ய முடியாது. எந்தச் சந்தில் உட்கார்ந்தாலும் சுற்றுலா வண்டியின் ஹாரன் வந்துவிடும். அக்கா வீட்டுப் பரணில்தான் செய்தோம். அங்கே மூங்கில் கழிகளில் மலைப்பூண்டைக் கொத்துக் கொத்தாகக் கட்டி, தலைக்கு மேலும் நான்கு பக்கமும் தொங்கவிட்டிருப்பார்கள். அதற்குள் உட்கார்ந்து பேசினால் குரல் எங்கும் மோதித் திரும்பாது. முதல் பதிவைக் கேட்ட சென்னைத் தயாரிப்பாளர் அம்மா, "எந்த ஸ்டுடியோ சார், இவ்வளவு சுத்தமா இருக்கு?" என்று கேட்டார். பூண்டியில் ஒன்று இருக்கிறது என்று மட்டும் சொன்னேன்.

ஒருமுறை பாதிப் படம் முடிந்திருந்தபோது விலை நன்றாக வந்ததென்று வடுகபட்டி வியாபாரிக்கு மொத்தப் பூண்டையும் ஏற்றிவிட்டார்கள். மீதிப் படம் முழுக்க எதிரொலி. "என்ன சார், கெணத்துக்குள்ள எறங்கிப் பேசுறாங்களா?" என்றார் தயாரிப்பாளர் அம்மா. அதற்குப் பிறகு பூண்டு விலை ஏறக்கூடாது என்று நான் உள்ளுக்குள் வேண்டிக்கொண்டது உண்டு. அக்காவின் வீட்டுக்காரரிடம் சொல்லியிருந்தால் மண்வெட்டியோடு வந்திருப்பார்.

அவரை நான் மாமா என்றுதான் கூப்பிடுவேன். காலை பஸ் போன பிறகு, மழை இறங்கித் தகரக்கூரையில் அடிக்கத் தொடங்கும் முன், பதினொன்றுக்கும் ஒன்றுக்கும் நடுவில்தான் எங்களுக்கு நேரம். நாங்கள் ஏணியேறிப் பரணின் பலகையை மூடிக்கொள்வோம். மாமா கீழே தண்ணீர் மோட்டாரை நிறுத்துவார், கோழிகளைத் துரத்துவார், வாசலுக்கு வருகிறவர்களிடம் விரலை உதட்டில் வைத்துக் காட்டுவார். அக்காவுக்கு மைக் பந்தல் பழக்கம் போகவில்லை. தொடங்கும்போது "ரெடி" என்றும் முடிக்கும்போது "போதும்" என்றும் ஓங்கிச் சொல்வார், வீடு முழுக்கக் கேட்கும். மாமாவுக்குப் புகைப்பழக்கத்தால் ஓயாத இருமல். ரெடி என்ற சத்தம் கேட்டதும் தோளில் கிடக்கிற துண்டைச் சுருட்டி வாயில் திணித்துக்கொள்வார். போதும் என்ற பிறகுதான் எடுப்பார். எடுத்ததும் வீடே அதிர ஒரு இருமல் இருமுவார்.

நான் ரெடிக்கு முன்னாலும் போதுமுக்குப் பின்னாலும் இருப்பதை வெட்டிவிட்டு நடுவில் உள்ளதை மட்டும் சென்னைக்கு அனுப்புவேன். வெட்டியதை அன்றைக்கே அழித்துவிடுவேன். என் பழைய லேப்டாப்பில் இடம் கிடையாது.

அக்காவோடு வேலை செய்வது சாமானியமில்லை. நான் பஸ்ஸில் இடுப்பு ஒடிந்து போய் இறங்கியிருப்பேன், வெரசாக முடித்துக்கொண்டு திரும்பலாம் என்றிருப்பேன். அக்கா தாளை வாங்கிப் பென்சிலால் ஒவ்வொரு வரியாகக் கோடு போடத் தொடங்குவார். படகுக்காரர் படத்தில், "மனிதனின் நெருங்கிய நண்பனாகிவிட்ட அந்தத் திமிங்கிலம்" என்று எழுதியிருந்தேன்.

"நண்பன்னு யாரு சொன்னது? அந்த ஆளா, மீனா?"

"மீன் இல்லக்கா. அது குட்டி போட்டுப் பால் கொடுக்கிற ஜாதி."

"சரி, அதுவும் சொல்லலல்ல?"

கடைசியில் அந்த வரி, "தொடர்ந்து பல நாட்கள் அந்தத் திமிங்கிலம் படகின் அருகே வந்தது. ஏன் என்று தெரியவில்லை" என்று ஆனது. அக்கா அதை வாசித்தபோது காணாமல் போனவர் அறிவிப்பு போலவே இருந்தது. நிறம் சாம்பல். முதுகில் பழைய காயம். கடைசியாகப் பார்த்த இடம் இன்னது. தயாரிப்பாளர் அம்மா தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் அதைக் கேட்டவர்களுக்கு அந்தத் திமிங்கிலத்தை யாரோ இன்னும் தேடிக்கொண்டிருப்பதாகத் தோன்றியது. எனக்கும் தோன்றியது, அதனால் சண்டை போட்டுக்கொண்டே விட்டுக்கொடுத்தேன்.

வீட்டிலும் அக்கா அப்படித்தான். கேரட் இனிக்குமா என்று கேட்டு வருகிறவரிடம் "நான் தின்னது இனிச்சுச்சு, ஒங்களுக்குக் குடுக்குறது தெரியாது" என்பார். மகளைப் பெண் பார்க்க ஒட்டன்சத்திரத்திலிருந்து வந்தவர்கள், "பொண்ணு அனுசரிச்சுப் போகுமா?" என்று கேட்டார்களாம். "எங்ககிட்டப் போயிருக்கா. ஒங்ககிட்ட எப்படின்னு இனிமேத்தான தெரியும்" என்று சொல்லியிருக்கிறார். மாமாதான் வெளியே ஓடிப்போய்ச் சிரித்துவிட்டு வந்து, மாப்பிள்ளை வீட்டாரைச் சமாதானப்படுத்தினாராம். கல்யாணம் நடந்துவிட்டது.

ஏன் இப்படி என்று ஒருநாள் எரிச்சலோடு கேட்டேன். அக்கா பூண்டுச் சருகை உரித்துக்கொண்டே சொன்னார்.

"தைப்பூசத்துல ஒரு பெரியவரு தனியா நின்னாருன்னு கூட்டிட்டு வந்தாங்க தம்பி. மயக்கமா இருக்குன்னு பின்னாடி படுக்க வச்சிருந்தாங்க. நான் மைக்க விட்டு எந்திரிக்கல. ஒரு ஆளு வந்து, நல்லா இருக்காரு, மகளக் கூப்புடுங்கன்னுட்டுப் போனாரு. நானும், நலமாக இருக்கிறார், பதற வேண்டாம்னு சொல்லிட்டேன். அந்தப் பொண்ணு பதறாம வந்துச்சு. வார வழியில நின்னு பஞ்சாமிர்தம் வேற வாங்கிட்டு, டப்பாவக் கையில வச்சுக்கிட்டு, சிரிச்சுக்கிட்டே வந்துச்சு. அவரு போயி பத்து நிமிசம் ஆயிருந்துச்சு."

கையில் ஒட்டிய சருகைத் தட்டிவிட்டார்.

"பதறி ஓடியாந்திருந்தா மூச்சு இருக்கும்போதே பாத்திருக்கும். பாக்காம ஒரு வார்த்த சொன்னேன். அம்புட்டுத்தான்."

மாமாவுக்குப் பக்கவாதம் வந்தது நாங்கள் வேலை தொடங்கிய மூன்றாம் வருடம். பூண்டைப் பரணில் கட்டி முடித்த வாரம் அது. பெரிய ஆஸ்பத்திரியில் ஒரு மாதம் கிடந்துவிட்டுத் திரும்பியபோது பேச்சு போயிருந்தது, ஒரு பக்கம் போயிருந்தது. கண் திறந்திருக்கும், ஆனால் யாரைப் பார்க்கிறது என்று சொல்ல முடியாது. பரணுக்கு நேர் கீழே, அடுப்புச் சூடு படுகிற இடத்தில் கட்டில் போட்டிருந்தார்கள். முழித்திருக்கும் நேரமெல்லாம் "ம்ம்… ம்ம்…" என்று அனத்திக்கொண்டே இருப்பார்.

பார்க்க வருகிறவர்கள் அத்தனை பேரும் ஒன்றையே சொன்னார்கள். "ஒன்னயத்தான் பாக்குறாரு. ஒங்குரல் கேட்டா மொகம் மாறுது பாரு. எல்லாம் தெரியுது அவருக்கு."

அக்கா, "எனக்குத் தெரியல" என்பார்.

ஒரு தடவை, இரண்டு தடவை என்றால் பரவாயில்லை. வந்த எல்லோரிடமும் அதையே சொன்னார். ஊரில் கல்நெஞ்சுக்காரி என்று பேசினார்கள். உண்மையில் எனக்கும் அப்படித்தான் இருந்தது. அக்கா கஞ்சி ஊட்டுவதைப் பார்த்திருக்கிறேன். கரண்டியை வாயருகே வைத்துக்கொண்டு முகத்தையே உற்றுப் பார்ப்பார். விழுங்கியதும், "முழுங்கிட்டாரு" என்று தனக்கே சொல்லிக்கொள்வார். பிடித்து விழுங்கினார் என்றோ பசியோடு விழுங்கினார் என்றோ ஒருநாளும் சொன்னதில்லை. இந்த மனுஷிக்கு ஆசை என்று ஒன்று இருக்கிறதா என்று நினைப்பேன். ஒருநாள் நான் கிளம்பும்போது வாசல்வரை வந்து, "ஒரே ஒரு தடவ தெரிஞ்சாப் போதும் தம்பி. நான் பேசுறது நான்தான்னு அவருக்குத் தெரியுதுன்னு, ஒரு தடவ எனக்குத் தெரிஞ்சாப் போதும்" என்றார். அப்போதுதான் புரிந்தது, மற்றவர்கள் சும்மா தூக்கிக் கொடுத்த ஆறுதலை ஏன் வாங்கவில்லை என்று. அவருக்கு அது நிஜமாக வேண்டியிருந்தது.

வேலையை நிறுத்திவிடலாம் என்றேன். அக்காதான் வேண்டாம் என்றார். மாமாவின் அனத்தல் பதிவில் விழுமே என்று இருவருக்கும் பயம். முதல் நாள் பதிவை வீட்டுக்குக் கொண்டுபோய், வழக்கம்போல முன்பின் வெட்டிவிட்டுக் கேட்டேன். அக்காவின் குரல் மட்டும்தான் இருந்தது, சுத்தமாக. போனில் சொன்னேன்.

"பூண்டு குடிச்சிருச்சு தம்பி" என்றார் அக்கா.

அதன்பின் நாங்கள் அதைப் பற்றி யோசிக்கவில்லை. பரணுக்கு ஏறும்போது அனத்தல் கேட்கும், இறங்கும்போது கேட்கும். ஏறியதும் அக்காவின் கண் எழுத்தில் இருக்கும், என் கண் ரெக்கார்டர் மீட்டரில் இருக்கும்.

பிறகு அந்த ஒலிபெருக்கிப் படம் வந்தது. ஒரு பெண் ஆராய்ச்சியாளர் படகில் உட்கார்ந்து, தண்ணீருக்குள் ஒரு ஒலிபெருக்கியை இறக்கி, அதில் பேசுவார். அதுவரை பாடிக்கொண்டிருந்த திமிங்கிலம் பாட்டை நிறுத்தும். அவர் பேசி முடித்ததும் மறுபடி பாடும். அக்காவுக்கு அந்தக் காட்சி பிடித்துப்போனது. "நம்ம மைக் பந்தல் மாதிரி இருக்கு" என்று இரண்டு முறை போட்டுக் காட்டச் சொன்னார். நான் எழுதியிருந்தது, "அவள் பேசுவதை அது காது கொடுத்துக் கேட்டது."

அன்று காலைதான் தயாரிப்பாளர் அம்மா போன் செய்திருந்தார். வாசிப்பில் உணர்ச்சியே இல்லை, இந்தப் படத்திலும் இப்படியே இருந்தால் வேறு குரல், வேறு ஆள் என்று சொல்லிவிட்டார். பஸ்ஸில் இடமில்லை, கொடைக்கானலிலிருந்து நின்றுகொண்டே வந்தேன். பரணில் ஏறினோம். "ரெடி" என்றார் அக்கா. நன்றாகத்தான் வாசித்துக்கொண்டு வந்தார். அந்த வரிக்கு வந்ததும் நின்றுவிட்டார்.

"நிறுத்துச்சுன்னு சொல்லலாம் தம்பி. கேட்டுச்சுன்னு சொல்லக் கூடாது."

"அக்கா, இன்னைக்கு ஒரு நாள் வாசிச்சிருங்க. எனக்கு வேலை போயிரும்."

"எத்தன தடவ பேசிப் பாத்தாங்க?"

"படத்துல ஒரு தடவதான் காட்டுறாங்க."

"ஒரு தடவய வச்சு எப்படிச் சொல்றது? அந்த நேரத்துக்கு அதுக்கு மூச்சு முட்டியிருக்கலாம். வேற சோலி இருந்திருக்கலாம்."

பத்து நிமிடம் போல இப்படியே போனது. எனக்குப் பொறுக்கவில்லை. கத்திவிட்டேன். "ஒங்ககிட்ட வந்து கேட்டேன் பாருங்க! கட்டுன புருசன் கீழ கெடக்காரு, அவருக்கே ஒண்ணும் தெரியலன்னு ஊர்பூரா சொல்றவங்கதான நீங்க!"

அக்கா பென்சிலைக் கீழே வைத்தார். பிறகு குரலை உயர்த்தாமல் சொன்னார். "அவருக்குத் தெரியலன்னு நான் சொல்லல தம்பி. எனக்குத் தெரியலன்னு சொன்னேன்." அப்புறம் தாளை மடித்து வைத்துவிட்டு, எப்போதும்போல ஓங்கி, "இன்னைக்குப் போதும்" என்றார்.

நான் ரெக்கார்டரைப் பையில் போட்டுக்கொண்டு சொல்லாமல் கிளம்பிவிட்டேன். நான்கு நாள் கழித்துப் போய், "நிறுத்தியது" என்று திருத்தி எழுதிய தாளைக் கொடுத்தேன். அக்கா முதலிலிருந்து வாசித்தார். சண்டையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை, டீயில் சர்க்கரை மட்டும் குறைவாக இருந்தது. படம் அப்படியே போனது. அந்த ஒரு சொல்லைச் சென்னையில் யாரும் கவனிக்கக்கூட இல்லை. இதற்காகவா கத்தினேன் என்று வெறுத்துப்போனது.

மாமா இரண்டு மாதம் கழித்து ஒரு காலையில், கஞ்சி ஆறுவதற்குள் போய்விட்டார். ஊருக்குச் சொல்ல ஆட்டோவில் மைக் கட்டினார்கள். மைக் செட்காரர் எழுதிக்கொண்டு வந்த தாளில் இறைவனடி சேர்ந்தார் என்று இருந்தது. அக்கா பென்சில் கேட்டார். "சேந்ததப் பாத்தீங்களா?" என்று அதை அடித்துவிட்டு, "காலை ஏழு மணிக்கு நான் பார்த்தபோது மூச்சு இல்லை" என்று எழுதிக் கொடுத்தார். பக்கத்து ஊரான மன்னவனூர்வரை அந்த ஆட்டோ அப்படியேதான் சொல்லிக்கொண்டு போனது. சிலர் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பதினாறாம் நாள் காரியம் நெருங்கும்போது, வேறொரு படத்துக்காக ரெக்கார்டரில் இடம் செய்ய உட்கார்ந்தேன். சண்டை போட்ட நாளின் பதிவு அதில் அப்படியே கிடந்தது. அன்றைய கோபத்தில் லேப்டாப்புக்கு மாற்றவும் இல்லை, வெட்டவும் இல்லை. அழிப்பதற்கு முன், நான் எவ்வளவு கேவலமாகப் பேசினேன் என்று கேட்டுப் பார்க்கலாம் என்று ஹெட்போனை மாட்டினேன்.

முதலில் அனத்தல். தெளிவாக, பலகைக்குக் கீழிருந்து, "ம்ம்… ம்ம்…". பூண்டு அதைக் குடிக்கவே இல்லை. பிறகு அக்காவின் "ரெடி". அனத்தல் நின்றது. அக்கா வாசிக்கிறார், கீழே சத்தமே இல்லை. வாசிப்பு நிற்கிறது, நாங்கள் வாக்குவாதம் செய்கிறோம், அப்போதும் இல்லை. நான் கத்துகிறேன், அப்போதும் இல்லை. அக்கா "இன்னைக்குப் போதும்" என்கிறார். அந்தச் சொல் முடிந்த அடுத்த மூச்சில், "ம்ம்… ம்ம்…".

நான் ஹெட்போனைக் கழற்றினேன். வாயில் துண்டை அடைத்துக்கொண்டு நின்ற மாமாதான் கண்ணில் நின்றார்.

காரியம் முடிந்த மறுநாள் வெள்ளனே முதல் பஸ்ஸுக்கே பூண்டிக்குப் போனேன். கட்டிலை எடுத்துவிட்டிருந்தார்கள். அந்த இடத்தில் அக்கா கேரட் விதை மூட்டையைப் பிரித்துக்கொண்டிருந்தார். ஒன்றும் விளக்காமல் ஹெட்போனை மாட்டிவிட்டு ஓடவிட்டேன். முழுக்கக் கேட்டார். நான் கத்திய இடம் வந்தபோது நான்தான் தலையைக் குனிந்துகொண்டேன். முடிந்ததும், "இன்னொருக்கப் போடுங்க" என்றார். போட்டேன். இரண்டாம் தடவை அவர் உதடு அசைந்தது, ரெடி என்ற இடத்திலும் போதும் என்ற இடத்திலும்.

"பூண்டு குடிச்சிருச்சுன்னு நான்தான சொன்னேன்" என்றார் மெதுவாக. "எறங்கி வந்து பாக்காமச் சொன்னேன் பாருங்க."

"அக்கா, அவருக்குத் தெரிஞ்சிருக்கு."

"ஒரு தடவதான தம்பி."

"மத்த நாள் பதிவு எதுலயும் அவர் சத்தமே இல்லையேக்கா. எல்லா நாளும் நிறுத்தியிருக்காரு."

"தூங்கிக்கிட்டு இருந்திருக்கலாம்ல? ரெடிக்கு முன்னாடி அனத்துனாரா, போதும்ன பின்னாடி அனத்துனாரான்னு தெரிஞ்சாத்தான சொல்ல முடியும். அதெல்லாம் எங்க?"

"வெட்டிட்டேன்கா."

"எல்லாத்தையுமா?"

"அன்னன்னைக்கே அழிச்சிட்டேன். ஆனா அதுலயும் இப்படித்தான் இருந்துச்சுக்கா."

அக்கா என் முகத்தைப் பார்த்தார், கஞ்சிக் கரண்டியோடு மாமாவைப் பார்ப்பது போல. "நீங்க காதால கேட்டீங்களா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். அந்த ஒரு வார்த்தைக்காக அந்த மனுஷி ஆறு மாதம் காத்திருந்தார். ஆனால் அவரிடம் அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "கேக்கலக்கா. கேக்காமத்தான் வெட்டுனேன்" என்றேன்.

"ம்" என்றார். விதை மூட்டையின் நூலைச் சுருட்டி முடிந்து ஓரமாக வைத்தார். "ஒரு தடவய வச்சுச் சொல்ல முடியாது" என்றார். என்னிடம் சொன்ன மாதிரி இல்லை.

நான் எழுந்தேன். மன்னிப்புக் கேட்கலாமா என்று நின்றேன், எதற்கென்று கேட்பது? வாசலைத் தாண்டும்போது அக்கா கூப்பிட்டார்.

"தம்பி, அத என் போனுக்கு அனுப்பி விடுங்க."

"சரிக்கா. நான் கத்துன இடத்த மட்டும் எடுத்துட்டு அனுப்புறேன்."

"வேணாம், வேணாம்" என்று அவசரமாகக் கையை ஆட்டினார். "எதையும் வெட்டாதீங்க. அதையுந்தான அவரு பேசாமக் கேட்டுக்கிட்டுக் கெடந்தாரு."

சொல்லிவிட்டு விதையை அள்ளி முறத்தில் போடத் தொடங்கினார். 'கேட்டுக்கிட்டு' என்ற அந்தச் சொல்லை நான் திருத்தவில்லை. சிக்னல் கிடைக்கிற மேட்டுக்கு நடந்துபோய், முழுசாக அனுப்பி வைத்தேன்.